‘திருமுருகன்’ எப்படி ‘முருகன்’ ஆனார்? எடிட்டரிலேயே கையேட்டைத் திறக்க ஒரு விசை போதும்!

பெயர்ப் பட்டியல் ஒன்று. ஒவ்வொரு பெயருக்கும் முன்னால் ‘திரு.’ என்று இருக்கிறது. அதை நீக்கிவிட்டுப் பெயரை மட்டும் எடுக்க வேண்டும். பைத்தான் பழகத் தொடங்கிய பலர் இதற்கு ஒரே வரிதான் எழுதுவார்கள். சொல்லின் இடப்பக்கத்தை வெட்டும் ‘எல்ஸ்ட்ரிப்’ என்ற ஃபங்ஷனைக் கூப்பிட்டு, ‘திரு.’ என்று கொடுத்துவிட்டால் முடிந்தது வேலை.

ஓட்டிப் பார்த்தால் ‘திரு.குமரன்’ என்பது ‘குமரன்’ ஆகிறது. ‘திரு.செல்வம்’ என்பது ‘செல்வம்’ ஆகிறது. ஆனால், ‘திரு.ரவி’ வெறும் ‘வி’ ஆகிவிடுகிறார். இதையாவது பார்த்தவுடன் கண்டுபிடித்துவிடலாம். ‘திரு.திருமுருகன்’ என்பவர் ‘முருகன்’ ஆகி நிற்கிறாரே, அதை யார் கவனிப்பார்கள்? அதுவும் ஒரு பெயர்தானே! அந்தப் பட்டியலிலிருந்து சான்றிதழோ அடையாள அட்டையோ அச்சாகிவிட்டால், பெயர் திருத்தத்துக்கு அலையப்போவது திருமுருகன்தான்.

எங்கே தப்பு? பைத்தானில் தப்பில்லை. எல்ஸ்ட்ரிப்புக்கு நாம் கொடுப்பது ஒரு முன்னொட்டு என்று நினைக்கிறோம். அது அப்படி எடுத்துக்கொள்வதில்லை. ‘இந்த எழுத்துகளில் எது முன்னால் வந்தாலும் வெட்டு’ என்று புரிந்துகொள்கிறது. கணினிக்கு ‘திரு.’ என்பது த, இகரக் குறி, ர, உகரக் குறி, புள்ளி என ஐந்து தனித்தனி எழுத்துகள். ‘திரு.திரு’ வரை எல்லாமே அந்த ஐந்துக்குள் அடங்குவதால் மொத்தமும் போய்விடுகிறது. ‘மு’ வந்த பிறகுதான் நிற்கிறது.

இது ரகசியம் ஒன்றும் இல்லை. பைத்தானின் கையேட்டிலேயே தெளிவாக எழுதியிருக்கிறது. பிரச்சினை, அந்தக் கையேட்டை அந்த நேரத்தில் யாரும் திறப்பதில்லை என்பதுதான்.

ஏன் திறப்பதில்லை?

சோம்பல் என்று சொல்லிவிடலாம். ஆனால், காரணம் பெரும்பாலும் தூரம். கை கீபோர்டில் இருக்கிறது, கண் எடிட்டரில் இருக்கிறது, மனசு அடுத்த வரியில் இருக்கிறது. கையேட்டைப் பார்க்க வேண்டும் என்றால் பிரவுசருக்குப் போக வேண்டும், தேட வேண்டும், வந்து விழும் முடிவுகளில் எது அதிகாரபூர்வமானது என்று பார்க்க வேண்டும், அது எந்தப் பதிப்புக்கானது என்று பார்க்க வேண்டும். அதற்குள் வாட்ஸ்அப் செய்தி ஒன்று எட்டிப்பார்க்கும். திரும்பி வரும்போது ‘எதுக்குப் போனோம்?’ என்பதே மறந்துபோயிருக்கும். அதனால்தான் ‘இப்படித்தான் இருக்கும்’ என்று ஊகித்துவிட்டு நகர்ந்துவிடுகிறோம்.

அந்தத் தூரத்தை ஒரு விசை அளவுக்குக் குறைத்துவிட்டால்? சந்தேகம் வந்த சொல்லின் மேல் கர்சரை வைத்து ஒரு விசையைத் தட்டினால், அதன் விளக்கம் அங்கேயே விரியும் என்றால்? இந்த வசதி புதிதல்ல. ஏறக்குறைய எல்லா எடிட்டரிலும் இருக்கிறது. ஆனால், பெரும்பாலும் கை எட்டாத விசையிலோ, நினைவில் நிற்காத விசையிலோ ஒளிந்திருக்கிறது. அதை நம் கைக்கு வாகான இடத்துக்கு நாமே மாற்றிக்கொள்ள முடியும்.

எங்கிருந்து வந்தது இந்தப் பழக்கம்?

கையேடு கணினிக்குள்ளேயே இருக்க வேண்டும் என்ற எண்ணம் யூனிக்ஸ் காலத்திலேயே வேரூன்றியது. கென் தாம்சனும் டென்னிஸ் ரிட்ச்சியும் எழுதிய யூனிக்ஸ் கையேட்டின் முதல் பதிப்பில் 1971 நவம்பர் 3 என்று தேதி இருக்கிறது. ‘மேன்’ என்று தட்டி, பக்கத்தில் கட்டளையின் பெயரைக் கொடுத்தால் அதன் பக்கம் திரையில் வரும் வழக்கம் அந்த மரபில் வந்தது. இன்றைய லினக்ஸிலும் மேக்கிலும் அது அப்படியே தொடர்கிறது. இணையம் தேவையில்லை.

1976-ல் எம்ஐடியின் செயற்கை நுண்ணறிவு ஆய்வகத்தில் பிறந்த ஈமேக்ஸ், இன்னும் ஒரு படி மேலே போனது. ‘தன்னைத் தானே விளக்கும் எடிட்டர்’ என்பதையே தன் அடையாளமாக வைத்துக்கொண்டது. ரிச்சர்ட் ஸ்டால்மன் 1985-ல் வெளியிட்ட குனு ஈமேக்ஸிலும் அதுதான் மரபு. அதில் கன்ட்ரோல்+ஹெச் என்பது உதவிக்கான வாசல். அதைத் தொடர்ந்து எஃப் தட்டினால் ஒரு ஃபங்ஷனைப் பற்றிக் கேட்கலாம். கே தட்டிவிட்டு வேறு எந்த விசையை அழுத்தினாலும், அந்த விசை என்ன செய்யும் என்று ஈமேக்ஸே சொல்லும்.

பிராம் மூலனார் 1991-ல் வெளியிட்ட விம் எடிட்டரில் இன்னும் எளிது. சொல்லின் மேல் கர்சரை வைத்து, பெரிய எழுத்து கே, அதாவது ஷிஃப்ட்+கே, தட்டினால் போதும். லினக்ஸில் அது அந்தச் சொல்லை ‘மேன்’ கட்டளையிடம் ஒப்படைத்துவிடும்.

சி மொழியில் எழுதுபவர்களுக்கு இது பெரிய வரம். நினைவகத்தின் ஒரு பகுதியைத் துடைக்கப் பயன்படும் ‘மெம்செட்’ ஃபங்ஷனை எடுத்துக்கொள்ளுங்கள். அதற்குக் கொடுப்பவற்றில் இரண்டாவது, நிரப்ப வேண்டிய மதிப்பு. மூன்றாவது, எத்தனை பைட் என்ற அளவு. இரண்டையும் இடம் மாற்றி எழுதிவிட்டால், ‘0 பைட் அளவுக்கு நிரப்பு’ என்று ஆகிவிடும். எதுவும் துடைக்கப்படாது. நிரலும் சத்தம் போடாமல் ஓடும். துடைக்க நினைத்தது கடவுச்சொல்லாக இருந்தால், அது அங்கேயே உட்கார்ந்திருக்கும். கே தட்டி, விளக்கத்தின் முதல் வரியைப் பார்த்தால் தவிர்க்கக்கூடிய தவறு இது.

ஒரே பெயரில் இரண்டு பக்கங்கள் இருந்தால் என்ன செய்வது? ‘பிரின்ட்எஃப்’ என்பது முனையத்தில் தட்டும் கட்டளையும்கூட, சி மொழியின் ஃபங்ஷனும்கூட. யூனிக்ஸ் கையேட்டில் 1-ஆம் பகுதி கட்டளைகளுக்கு, 3-ஆம் பகுதி சி நூலக ஃபங்ஷன்களுக்கு. கே-க்கு முன்னால் 3 தட்டினால் விம் நேராக 3-ஆம் பகுதிக்குப் போய்விடும். இதுகூடத் தெரியாமல் ஆண்டுக்கணக்கில் விம் பயன்படுத்துபவர்கள் உண்டு.

சொல்லைப் பார்ப்பதும், பொருளைப் பார்ப்பதும்

இந்தப் பழைய முறைக்கு ஓர் எல்லை இருக்கிறது. விம்மில் பைத்தான் கோப்பைத் திறந்து எல்ஸ்ட்ரிப் மேல் கே தட்டினால், அது ‘மேன்’ கட்டளைக்குப் பதிலாக பைத்தானோடு வரும் ‘பைடாக்’ என்ற உதவிக் கருவியை அழைக்கும். ஆனால், ‘அப்படி ஒன்றுக்கு விளக்கம் இல்லை’ என்றுதான் பதில் வரும். காரணம், எல்ஸ்ட்ரிப் தனியாக இருப்பது அல்ல. ‘ஸ்ட்ரிங்’ என்ற வகையின் உறுப்பு அது. விம் அனுப்பியது வெறும் சொல்லை. அந்தச் சொல் யாருடையது என்பது அதற்குத் தெரியாது.

இந்த இடைவெளியை நிரப்பியதுதான் லாங்குவேஜ் சர்வர் முறை. மைக்ரோசாஃப்ட் நிறுவனம் 2016 ஜூனில் ரெட் ஹேட், கோடென்வி நிறுவனங்களோடு சேர்ந்து இதை ஒரு பொது நெறிமுறையாக அறிவித்தது. எடிட்டர், ‘இந்தக் கோப்பில், இத்தனையாவது வரியில், இத்தனையாவது எழுத்தில் கர்சர் இருக்கிறது, இங்கே என்ன இருக்கிறது?’ என்று பின்னணியில் ஓடும் இன்னொரு நிரலைக் கேட்கும். அந்த நிரல் முழுக் கோப்பையும் படித்து, ‘இது ஸ்ட்ரிங் வகையின் எல்ஸ்ட்ரிப்; அதன் விளக்கம் இதோ’ என்று பதில் தரும்.

முன்பு பத்து எடிட்டர், இருபது மொழி என்றால் இருநூறு இணைப்புகள் எழுத வேண்டும். இந்த நெறிமுறை வந்த பிறகு முப்பது எழுதினால் போதும். அதனால்தான் விஷுவல் ஸ்டுடியோ கோடில் கிடைக்கும் அதே விளக்கம் இன்று விம் வழிவந்த நியோவிம்மிலும் ஈமேக்ஸிலும் கிடைக்கிறது. 2024-ல் வந்த நியோவிம் 0.10 பதிப்பில், லாங்குவேஜ் சர்வர் இணைந்திருந்தால் கே விசை தானாகவே இந்த விளக்கத்தைக் காட்டும். 2023-ல் வந்த ஈமேக்ஸ் 29-ல் ‘எக்லாட்’ என்ற இணைப்பு உள்ளேயே வந்துவிட்டது.

சரி, மாத்துறது எப்படி?

விஷுவல் ஸ்டுடியோ கோடு: மவுஸைச் சொல்லின் மேல் வைத்தால் விளக்கப் பெட்டி தானாக வரும். இது பலருக்கும் தெரியும். கீபோர்டிலிருந்தே அதைக் கொண்டுவர, கன்ட்ரோல்+கே அழுத்தி, பிறகு கன்ட்ரோல்+ஐ அழுத்த வேண்டும். இரண்டு தட்டு. அவசரத்தில் நினைவுக்கு வராது. மாற்றும் வழி இது:

1. கன்ட்ரோல்+கே, பிறகு கன்ட்ரோல்+எஸ் அழுத்தினால் விசைகளின் பட்டியல் திறக்கும்.

2. தேடல் பெட்டியில் ‘ஹோவர்’ என்று ஆங்கிலத்தில் தட்டினால், விளக்கப் பெட்டியைக் காட்டும் கட்டளை வரும்.

3. அதை இரட்டைச் சொடுக்கு செய்து, வேண்டிய விசையை அழுத்தி, என்டர் தட்ட வேண்டும். அந்த விசை ஏற்கெனவே வேறு வேலைக்குப் போயிருந்தால், அந்தச் சிறு பெட்டியிலேயே சொல்லிவிடும்.

4. தப்பாகிவிட்டால் கவலை வேண்டாம். அதே வரியில் வலது சொடுக்கு செய்து பழைய நிலைக்குத் திருப்பலாம்.

எந்த விசையைக் கொடுக்கலாம்? எஃப்1 நல்ல தேர்வு. 1987-ல் ஐபிஎம் வெளியிட்ட பொதுப் பயனர் அணுகல் விதிகள் எஃப்1-ஐ உதவிக்கு ஒதுக்கின. விண்டோஸில் அதுவே பழக்கமாகிப்போனது. ஆனால், விஷுவல் ஸ்டுடியோ கோடில் எஃப்1 கட்டளைப் பட்டியலைத்தான் திறக்கும். அதே பட்டியலுக்கு கன்ட்ரோல்+ஷிஃப்ட்+பி-யும் இருப்பதால், எஃப்1-ஐ எடுத்துக்கொண்டால் நஷ்டமில்லை. இன்னொரு சிறு தகவல்: பெட்டி திறந்திருக்கும்போது அதே விசையை மறுபடி தட்டினால் கர்சர் பெட்டிக்குள் போகும். நீண்ட விளக்கத்தை மவுஸ் இல்லாமலே நகர்த்திப் படிக்கலாம்.

விம்: கே விசை எந்த நிரலை அழைக்க வேண்டும் என்பதை ‘கீவேர்ட்பிஆர்ஜி’ என்ற அமைப்பு தீர்மானிக்கிறது. கீவேர்ட் என்ற சொல்லோடு ‘புரோகிராம்’ என்பதன் சுருக்கமாக பி, ஆர், ஜி என்ற மூன்று எழுத்துகள். இதை மொழிக்கு மொழி தனித்தனியாக வைக்கலாம். சி கோப்பில் மேன் பக்கம், பைத்தான் கோப்பில் பைடாக், விம்மின் சொந்த அமைப்புக் கோப்பில் விம்மின் உதவிப் பக்கம் என்று ஒரே கே விசை மூன்று இடத்துக்குப் போகும். மேன் பக்கம் முழுத் திரையையும் மறைக்காமல் விம்முக்குள்ளேயே தனிச் சாளரத்தில் வர வேண்டும் என்றால், விம்மோடு சேர்ந்து வரும் ‘மேன்’ செருகுநிரலை இயக்கி, கீவேர்ட்பிஆர்ஜி-க்கு அதையே கொடுக்கலாம்.

ஈமேக்ஸ்: கன்ட்ரோல்+சி-யைத் தொடர்ந்து ஏதாவது ஓர் எழுத்து என்ற வரிசை முழுவதும் பயனருக்கென்றே ஒதுக்கப்பட்டது. செருகுநிரல் எழுதுவோர் அதைத் தொடக் கூடாது என்பது ஈமேக்ஸ் உலகின் எழுதப்பட்ட விதி. அதற்குள் எதை வைத்துக்கொண்டாலும், நாளைக்கு ஒரு புதிய செருகுநிரல் வந்து பறித்துக்கொள்ளாது.

ஜெட்பிரெய்ன்ஸ் எடிட்டர்கள்: இன்டெலிஜே, பைசார்ம் போன்றவற்றில் விண்டோஸ், லினக்ஸில் கன்ட்ரோல்+க்யூ விளக்கத்தைக் காட்டும். ஷிஃப்ட்+எஃப்1 அழுத்தினால் பிரவுசரில் முழுப் பக்கம் திறக்கும். அமைப்புகளில் ‘கீமேப்’ பகுதிக்குப் போய் இரண்டையும் மாற்றலாம்.

எங்கெல்லாம் கை வழுக்கும்?

விசையைத் தேர்ந்தெடுப்பதில்தான் பலர் சறுக்குகிறார்கள். பைசார்மில் கன்ட்ரோல்+க்யூ பழகிய கை, லினக்ஸில் விஷுவல் ஸ்டுடியோ கோடைத் திறந்து அதையே அழுத்தினால் எடிட்டரே மூடிவிடும். அங்கே அது வெளியேறும் விசை. இரண்டையும் மாறி மாறிப் பயன்படுத்துபவர்கள், இரண்டிலும் விளக்கத்துக்கு ஒரே விசையை வைத்துக்கொள்வது நல்லது.

முனையத்துக்குள் ஓடும் எடிட்டர்களில் கன்ட்ரோல்+எஸ்ஸைத் தவிர்ப்பது நல்லது. பல முனையங்களில் அது திரையை உறைய வைக்கும் பழைய குறியீடு. ‘அய்யோ, ஹேங் ஆயிடுச்சு’ என்று பதறுவார்கள். கன்ட்ரோல்+க்யூ அழுத்தினால் சரியாகிவிடும். அதேபோல, சில முனையங்களில் பேக்ஸ்பேஸ் விசையும் கன்ட்ரோல்+ஹெச்சும் கணினிக்கு ஒன்றேதான். எழுத்தை அழிக்கப்போனால் ஈமேக்ஸின் உதவி திறந்துகொள்ளும். மடிக்கணினியில் எஃப்1, திரை வெளிச்சத்துக்கோ ஒலிக்கோ போயிருந்தால், எஃப்என் விசையையும் சேர்த்து அழுத்த வேண்டியிருக்கும்.

தமிழிலும் தட்டச்சு செய்பவர்களுக்கு இன்னொரு சிக்கல் உண்டு. குறிப்புகளைத் தமிழில் எழுதிவிட்டு, விசைப்பலகையை ஆங்கிலத்துக்கு மாற்ற மறந்து விம்மில் விசைகளைத் தட்டினால், கட்டளைகள் எதுவும் நடக்காது. தமிழ்99 முறையில் கே விசையில் இருப்பது ‘ம’. விம்முக்குப் போய்ச் சேருவதும் அதுதான். இதற்கென்றே விம்மில் ‘லாங்மேப்’ என்ற அமைப்பு இருக்கிறது. ‘இந்த எழுத்து வந்தால் அந்த ஆங்கில விசையாக எடுத்துக்கொள்’ என்று ஒருமுறை சொல்லிவைத்துவிடலாம்.

ஒரு விசை போதுமா?

இரண்டு இருந்தால் நல்லது. காரணத்தை எல்ஸ்ட்ரிப்பே காட்டும். எடிட்டரின் பெட்டியில் வருவது ஃபங்ஷனோடு ஒட்டியிருக்கும் குறு விளக்கம். ‘எழுத்துகள் கொடுக்கப்பட்டால், அந்த எழுத்துகளை நீக்கும்’ என்ற அளவில்தான் அது இருக்கும். ‘எழுத்துகள்’ என்ற பன்மையைக் கவனித்தவர் தப்பிப்பார். வேகமாகப் படித்தவர் தவறவிடுவார். முழுக் கையேட்டுக்குப் போனால்தான் ‘இது முன்னொட்டு அல்ல’ என்று உடைத்துச் சொல்லியிருப்பது தெரியும். கூடவே, முன்னொட்டை நீக்க ‘ரிமூவ்பிரிஃபிக்ஸ்’ என்ற வேறொரு ஃபங்ஷன் இருப்பதும் தெரியவரும். அதற்கு ‘திரு.’ கொடுத்தால் திருமுருகன் திருமுருகனாகவே வருவார். ஆக, சட்டென்று பார்க்க ஒரு விசை, முழுசாகப் படிக்க ஒரு விசை.

முழுக் கையேட்டுக்கு இணையம் இருந்தே ஆக வேண்டும் என்பதில்லை. விண்டோஸ், லினக்ஸுக்கு ஸீல், மேக்குக்கு டாஷ் போன்ற செயலிகள், பல மொழிகளின் கையேடுகளைக் கணினியிலேயே இறக்கி வைத்துக்கொள்ளும். டெவ்டாக்ஸ் தளமும் பிரவுசருக்குள் அப்படிச் சேமித்துவைக்கும். எடிட்டரின் ஒரு விசையிலிருந்து இவற்றை அழைக்கச் செருகுநிரல்கள் இருக்கின்றன. இணையம் விட்டுவிட்டு வரும் ஊரிலோ, இணையம் துண்டிக்கப்பட்ட ஆய்வகத்திலோ உட்கார்ந்து நிரல் எழுதுபவர்களுக்கு இதன் அருமை தெரியும்.

பதிப்புச் சிக்கலுக்கும் இது மருந்து. ரிமூவ்பிரிஃபிக்ஸ் என்பது 2020-ல் வந்த பைத்தான் 3.9-லிருந்துதான் உண்டு. இணையத்தில் தேடினால் முதலில் வருவது பெரும்பாலும் புதிய பதிப்பின் பக்கம். அதைப் பார்த்து எழுதிய நிரல், அலுவலகத்தின் பழைய சர்வரில் 3.8 இருந்தால், ஓடாமல் நின்றுவிடும். அந்த சர்வரிலேயே பைடாக்கைக் கேட்டால், ‘என்னிடம் அது இல்லை’ என்று உள்ளதைச் சொல்லிவிடும்.

இப்போது ஏஐ உதவியாளர்களே வரிவரியாக எழுதித் தருகின்றன. அப்படியிருக்க இதெல்லாம் எதற்கு என்ற கேள்வி வரலாம். எழுதித் தருவது எதுவாக இருந்தாலும், அதை ஏற்றுக்கொள்பவர் மனிதர்தான். திரையில் வந்து நிற்கும் பழக்கமில்லாத ஃபங்ஷன் உண்மையிலேயே இருக்கிறதா, நாம் நினைப்பதைத்தான் செய்கிறதா என்று பார்க்க, கர்சரை வைத்து ஒரு தட்டுத் தட்டினால் போதும். அரை நிமிஷ வேலை.

எதிலிருந்து தொடங்குவது?

இன்றைக்கே ஒரு விசையை மட்டும் மாற்றிப் பார்க்கலாம். ஒரே நாளில் பத்து விசைகளை மாற்றினால் பத்தும் மறந்துபோகும். விளக்கப் பெட்டிக்கு ஒரு விசை வைத்துவிட்டு, ஒரு வாரம் மவுஸைத் தொடாமல் அதையே பயன்படுத்தினால் கை தானாகப் பழகிவிடும். பிறகு முழுக் கையேட்டுக்கு இரண்டாவது விசை. மாற்றிய அமைப்புக் கோப்பை ஒரு பென்டிரைவிலோ இணையச் சேமிப்பிலோ நகல் எடுத்துவைத்தால், கணினி மாறினாலும் அதே விசைகள் கூடவே வரும்.

பழகிய பிறகு, நன்றாகத் தெரியும் என்று நினைக்கும் ஃபங்ஷன்கள் மேலும் அவ்வப்போது அந்த விசையைத் தட்டிப் பார்ப்பது நல்லது. எல்ஸ்ட்ரிப்பும் ‘இது தெரிஞ்சதுதானே’ என்று பலர் நினைத்த ஃபங்ஷன்தான்.